‘முடிவில்லாத் தெரு’ (1934): சாகக் கிடக்கும் கணவனை விட்டு சுகிகோ வெளியேறுவது அந்தக் காலத்தில் நடக்கக்கூடியதா?

நீங்கள் கேட்டது இது: “மிகியோ நருசேயின் ‘முடிவில்லாத் தெரு’ என்ற ஜப்பானிய மௌனப் படத்தைப் பார்த்தேன். கணவன் சாகக் கிடக்கும் மருத்துவமனையில் மாமியாரையும் நாத்தனாரையும் முகத்துக்கு நேரே கேட்டுவிட்டு மருமகள் கிளம்பிவிடுகிறாள். ஆவேசமான காட்சி, ஆனால் சாகும் மனிதனை விட்டுப் போவது கொடூரமில்லையா என்று தயங்கினேன். 1934-இல் ஜப்பானில் ஒரு பெண் இப்படிச் செய்திருக்க முடியுமா? இயக்குநர் தன் ஆசையைப் படமாக்கிவிட்டாரா? அதோடு, 1934-இல் எதற்கு மௌனப் படம்?”

மௌனப் படம் பற்றியதைக் கடைசிக்கு வைத்துக்கொண்டால், இதில் உண்மையில் மூன்று கேள்விகள் இருக்கின்றன. சட்டம் அவளை விட்டிருக்குமா என்பது ஒன்று. விட்டால் அவள் எதை வைத்துப் பிழைத்திருப்பாள் என்பது இரண்டாவது. படம் அவள் பக்கம் நிற்கிறதா, அவளைப் பார்த்துப் பரிதாபப்படுகிறதா என்பது மூன்றாவது. முதல் இரண்டுக்கும் உறுதியாகவே பதில் சொல்லலாம். மூன்றாவதில் என் கருத்து கலந்திருக்கும், அதை அங்கங்கே சொல்லிவிடுகிறேன். திரைப்படச் சங்கக் கூட்டங்களில் பழைய ஜப்பானியப் படங்களைத் திரையிட்டுப் பேசி வருகிறவன் நான். ஜப்பானிய மொழி தெரியாது, மௌனப் படத்தில் வசனத்தை எழுதிக் காட்டும் எழுத்தட்டைகளை மொழிபெயர்ப்பில்தான் படிக்கிறேன். அதனால் வசனத்தின் நுணுக்கத்தை வைத்து எதையும் வாதிட மாட்டேன்.

படம் பார்க்காதவர்களுக்காகக் கதை. டோக்கியோவின் கின்சாவில் ஒரு தேநீர்க் கடையில் பரிமாறும் பெண் சுகிகோ. கூட வேலை செய்யும் கெசாகோவோடு ஒரே அறையில் தங்கியிருக்கிறாள். அவளைக் கட்டிக்கொள்ள நினைக்கும் ஹராதாவுக்கு ஊரில் வீட்டார் வேறு பெண் பார்க்கிறார்கள். இதற்கிடையே, நடிக்க வருகிறாயா என்று ஒரு ஸ்டுடியோ ஆளும் அவளை அணுகுகிறார். அந்த நேரத்தில் பணக்கார இளைஞன் ஹிரோஷியின் கார் அவள்மேல் மோதுகிறது. அவள் மருத்துவமனையில் கிடக்க, ஹராதா ஊருக்குப் போய்விடுகிறான். ஹிரோஷி வந்து பார்க்கிறான், பழகுகிறான், தன் வீட்டுக்கு இஷ்டமில்லாத கல்யாணத்தைச் செய்துகொள்கிறான். அதற்குப் பிறகு நம் வீட்டுப் பெண்கள் யாரும் சொல்லித் தெரிந்துகொள்ள வேண்டாத கதைதான்: மாமியார், நாத்தனார், “எங்கள் வீட்டுக்கு ஏற்றவளா இவள்?” என்ற பார்வை, நடுவில் வாயைத் திறக்காமல் குடிக்கப் போகும் கணவன். சுகிகோ வெளியேறுகிறாள். ஹிரோஷி கார் விபத்தில் சிக்குகிறான். அவனைப் பார்க்க வந்த இடத்தில்தான் நீங்கள் சொன்ன காட்சி. அவன் இறந்துபோகிறான், அவள் மறுபடி கின்சாவில் வேலைக்குப் போகிறாள்.

இப்போது சட்டம். 1898-இல் அமலுக்கு வந்த மெய்ஜி குடிமைச் சட்டம் தனி மனிதரை அடிப்படையாக வைக்கவில்லை, வீட்டை வைத்தது. ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு குடும்பத் தலைவர். அவர் சம்மதமில்லாமல் அந்த வீட்டைச் சேர்ந்த யாரும் மணம் செய்யக் கூடாது. அது போக, ஆணுக்கு 30 வயது, பெண்ணுக்கு 25 வயது ஆகும்வரை பெற்றோர் சம்மதமும் வேண்டும். மணமான பெண் கணவன் வீட்டுப் பதிவேட்டுக்குள் போய்விடுவாள். கடன் வாங்கவும், சொத்து வாங்கி விற்கவும், வழக்குப் போடவும் அவளுக்குக் கணவன் அனுமதி தேவை. மனைவி வேறொருவரோடு பழகினால் குற்றம், சிறைத் தண்டனை. கணவன் அப்படிச் செய்தால், சம்பந்தப்பட்ட பெண் இன்னொருவன் மனைவியாக இருந்தாலொழியக் குற்றமில்லை. 1947 வரை இதுதான் நிலைமை. ஓட்டுரிமையே 1945 கடைசியில்தான் கிடைத்தது, 1946 ஏப்ரலில்தான் ஜப்பானியப் பெண்கள் முதன்முதலாக ஒரு தேசியத் தேர்தலில் ஓட்டுப் போட்டார்கள்.

இதைப் படித்ததும் சுகிகோ அசையவே முடியாது என்று தோன்றும். ஆனால் அதே சட்டத்தில் பலர் கவனிக்காத ஒரு பிரிவு உண்டு. நீதிமன்றத்தில் மணவிலக்குக் கேட்கக்கூடிய காரணங்களைப் பட்டியலிடும் 813-ஆவது பிரிவு அது. கணவனோ மனைவியோ செய்யும் கொடுமையைத் தனியாகச் சொல்லிவிட்டு, துணையின் பெற்றோர், பாட்டன் பாட்டி முதலானவர்கள் கொடுமைப்படுத்தினாலோ பெரிதாக அவமதித்தாலோ அதுவும் ஒரு காரணம் என்கிறது. அதாவது மாமியார் கொடுமை என்பது சட்டப் புத்தகத்திலேயே இருந்தது! பெண்ணுக்கு இரக்கப்பட்டு எழுதியது என்று நினைத்துவிட வேண்டாம். அடுத்த வரியிலேயே, துணை என் பெற்றோரைக் கொடுமைப்படுத்தினாலும் மணவிலக்குக் கேட்கலாம் என்று வரும். கல்யாணம் என்பது இரண்டு பேருக்குள் நடப்பது என்று அந்தச் சட்டம் நினைக்கவே இல்லை. மாமியாரும் அதில் ஒரு கட்சிக்காரர். இதை மனதில் வைத்துக்கொண்டு மருத்துவமனைக் காட்சியைத் திரும்பப் பாருங்கள். கட்டிலில் கிடப்பவனை விட்டுவிட்டு சுகிகோ ஏன் கட்டிலுக்குப் பக்கத்தில் நிற்பவர்களிடம் கணக்குத் தீர்க்கிறாள் என்பது விளங்கும்.

நீதிமன்றம் போகாமல் இருவரும் ஒத்துக்கொண்டு பிரிவதற்கும் வழி இருந்தது. நடைமுறையில் பெரும்பாலான மணவிலக்குகள் அப்படித்தான் நடந்தன. ‘ஒத்துக்கொண்டு’ என்ற சொல்லுக்குப் பின்னால் மருமகளைப் பிறந்த வீட்டுக்குத் திருப்பி அனுப்புவதும் அடங்கும். 1898-க்கு முன்பு ஜப்பானில் மணவிலக்கு மிக அதிகம், சட்டம் வந்ததும் சடசடவென்று குறைந்துவிட்டது. ஆக, கல்யாணம் முறிவது அந்தச் சமூகத்துக்குப் புதிதில்லை. மருமகள் பொருந்துகிறாளா என்று கொஞ்ச காலம் பார்த்துவிட்டு அப்புறம் பதிவேட்டில் பெயர் சேர்க்கும் வழக்கமும் பரவலாக இருந்தது. பொருந்தவில்லை என்று வீடு அவளை அனுப்பிவிடும். சுகிகோ செய்தது என்ன? வீடு தனக்குப் பொருந்தவில்லை என்று தானே முடிவு செய்தாள். படத்தில் எதிர்பாராதது அதுதான். பிரிவு சாதாரணம், முடிவெடுத்த ஆள்தான் வேறு.

சரி, வெளியே வந்தால் பிழைப்பு? என் பார்வையில் படத்தின் அச்சாணி இந்த இடத்தில்தான் இருக்கிறது. ஜப்பானில் வீட்டை விட்டு வெளியேறும் மனைவி என்றாலே அந்தத் தலைமுறைக்கு நோரா நினைவுக்கு வருவாள். இப்சனின் ‘பொம்மை வீடு’ நாடகம் 1911-இல் டோக்கியோவில் மேடையேறியது, மட்சுய் சுமாகோ நோராவாக நடித்துப் பெரும் புகழ் பெற்றார். அதே வருடம் ஹிரட்சுகா ரைச்சோவும் தோழிகளும் தொடங்கிய ‘செய்தோ’ இதழில் நோராவைப் பற்றிப் பக்கம் பக்கமாக விவாதித்தார்கள். கதவைச் சாத்திக்கொண்டு போன பிறகு நோரா என்ன செய்வாள் என்பதற்கு அந்த நாடகத்தில் பதில் கிடையாது. சுகிகோவுக்கு அந்தச் சிக்கல் இல்லை. அவள் எங்கே போவாள் என்று படத்தின் முதல் சில நிமிடங்களிலேயே நமக்குக் காட்டியாகிவிட்டது. கல்யாணத்துக்கு முன்பே வேலை பார்த்தவள், வாடகை கொடுத்தவள், தம்பியைக் கவனித்துக்கொண்டவள். புகுந்த வீட்டுக்கு வெளியே அவளுக்கு ஏற்கெனவே ஒரு வாழ்க்கை இருந்தது. அதனால் அவள் வெளியேறுவதைத் துணிச்சல் என்று மட்டும் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அவளுக்கு ஒரு தொழில் தெரியும், அதற்குத் திரும்புகிறாள்.

அந்த வேலையைத் தேன் தடவிச் சொல்லவும் கூடாது. 1923 செப்டம்பர் 1 நிலநடுக்கத்தில் கின்சா எரிந்துபோய், பத்து வருடத்தில் அகலத் தெருக்களும் பல்பொருள் அங்காடிகளுமாக எழுந்து நின்றது. மட்சுயா 1925-இல், மிட்சுகோஷி 1930-இல், ஹட்டோரி மணிக்கூண்டுக் கட்டடம் 1932-இல். படம் தொடங்கும்போது அந்தத் தெருவையே, கூட்டத்தையும் வண்டிகளையும் நருசே வரிசையாகக் காட்டுகிறார். இந்தத் தெருவில் விற்பனைப் பெண், பஸ் நடத்துநர், தட்டச்சர், பரிமாறும் பெண் என்று வேலைகள் வந்தன. கஃபே என்ற பெயரில் நடந்த பல மதுக்கடைகளில் சம்பளம் பெயருக்குத்தான், வாடிக்கையாளர் தரும் டிப்ஸ்தான் வருமானம். டிப்ஸ் வேண்டுமென்றால் சிரிக்க வேண்டும், உட்கார்ந்து பேச வேண்டும். தேநீர்க் கடை அதைவிடக் கௌரவமான இடம். ஆனாலும் பணக்கார மாமியார் கண்ணுக்கு இரண்டும் ஒன்றுதான். ‘கடையில் பரிமாறியவள்’ என்ற ஒரே முத்திரை போதும். அந்தச் சம்பளம் அவளுக்குப் பெரிய சுதந்திரத்தைக் கொடுத்துவிடவில்லை. வேண்டாம் என்று சொல்லும் அளவுக்கு மட்டும் கொடுத்தது.

நருசேக்கு இது ஏன் இவ்வளவு துல்லியமாகத் தெரிந்திருக்கிறது என்றால், அவர் வளர்ந்த விதம் அப்படி. 1905-இல் டோக்கியோவில் ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர். படிப்பைத் தொடர வழியில்லாமல் 1920-இல் ஷோச்சிகு திரைப்பட நிறுவனத்தில் அரங்கப் பொருள் எடுத்துவைக்கும் பையனாகச் சேர்ந்தார். படம் இயக்க வாய்ப்புக் கிடைக்கப் பத்து வருடம் ஆனது. பெரிய ஞானிகள் காதலைப் பற்றிப் படம் எடுத்துக்கொண்டிருந்தபோது இவர் சில்லறைக் காசைப் பற்றி எடுத்தார் என்று நாங்கள் கிண்டலாகச் சொல்வதுண்டு. கிண்டல் என்றாலும் அதில் பொய் இல்லை.

இனி மருத்துவமனைக் காட்சி. நீங்கள் அதை ஆவேசமான காட்சி என்று எழுதியிருந்தீர்கள். எனக்கு அப்படித் தெரியவில்லை. சுகிகோவாக நடிக்கும் ஷினோபு செட்சுகோ முகத்தை அலங்கோலமாக்காமல், குரலை உயர்த்துவது போன்ற பாவனையும் இல்லாமல் பேசுகிறார். நீங்கள் நேசித்தது இவரை அல்ல, யமனோஉச்சி என்ற குடும்பப் பெயரைத்தான் என்பது அவள் குற்றச்சாட்டின் சாரம். மௌனப் படத்தில் வசனம் வருவதற்கு ஒரு முறை இருக்கிறது. முதலில் வாய் அசையும், பிறகு எழுத்தட்டை வரும், பிறகு மறுபடி முகம். அந்த இடைவெளியில் நாம் எதிரே நிற்பவர்களின் முகத்தைத்தான் படித்துக்கொண்டிருப்போம். பேசும் படமாக இருந்திருந்தால் நம் காது சுகிகோவோடு போயிருக்கும். இங்கே ஒவ்வொரு வாக்கியத்துக்கும் பின்னால் கேட்பவர்கள் முகத்தில் அது போய் விழுவதற்கு நேரம் கிடைக்கிறது. இந்த வருடங்களில் நருசே ஒரு பாத்திரத்துக்கு அதிர்ச்சி நேரும்போது கேமராவைச் சட்டென்று முகத்தை நோக்கி ஓடவிடுவார், அவருடைய மௌனப் படங்களின் அடையாளமே அது. மற்ற மௌனப் படங்களோடு ஒப்பிட்டால் இந்தப் படத்தில் அந்தத் தந்திரம் அடங்கியிருப்பதாகவே எனக்குப் படுகிறது. இதை மட்டும் என் ரசனைக் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள்.

சாகும் மனிதனை விட்டுப் போவது கொடூரமில்லையா என்று நீங்கள் தயங்கியிருக்கிறீர்கள். அந்தத் தயக்கத்தைப் படம் வேண்டுமென்றே உண்டாக்குகிறது. ஹிரோஷி கெட்டவன் கிடையாது. அன்பானவன், வீட்டை எதிர்த்து அவளைக் கட்டிக்கொண்டவன். ஆனால் கட்டிக்கொள்வதோடு அவன் தைரியம் தீர்ந்துபோனது. அம்மாவுக்கும் மனைவிக்கும் நடுவில் நிற்க வேண்டிய ஒவ்வொரு தடவையும் அவன் வேறு எங்கோ போய்விடுகிறான். பலவீனமான நல்லவனோடு வாழ்வது கெட்டவனோடு வாழ்வதைவிடச் சிரமம் என்பது நருசே படங்களில் திரும்பத் திரும்ப வரும் விஷயம். முந்தைய வருடம், 1933-இல் அவர் எடுத்த ‘இரவுதோறும் கனவுகள்’ படத்தில் குரிஷிமா சுமிகோ நடித்த ஒமிட்சு துறைமுக மதுக்கடையில் வேலை பார்த்துக் குழந்தையை வளர்ப்பவள். வேலை கிடைக்காத கணவன் திருடி, கடைசியில் கடிதம் எழுதி வைத்துவிட்டுத் தற்கொலை செய்துகொள்கிறான். அவள் அழுதுகொண்டே கோழை என்று திட்டி அந்தக் கடிதத்தைக் கிழித்தெறிகிறாள். செத்தவனைத் திட்டும் மனைவியையே காட்டியவருக்கு, சாகப் போகிறவன் எதிரில் உண்மை பேசும் மனைவி பெரிய அடி இல்லை.

அதே 1933-இல் இன்னொரு ஜப்பானிய இயக்குநர் மிசோகுச்சி எடுத்த ‘வெள்ளருவி நூல்’ படத்தைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் வித்தியாசம் பளிச்சென்று தெரியும். இரியே தகாகோ நடித்த நீர் வித்தைக்காரி, தான் நேசித்த இளைஞனைச் சட்டம் படிக்க வைக்கிறாள். அதற்காகவே குற்றவழக்கில் சிக்கி, அவனே அரசுத் தரப்பில் நிற்கும் நீதிமன்றத்தில் தன்னை அழித்துக்கொள்கிறாள். மிக அழகான படம், நான் அதை விட்டுக்கொடுக்க மாட்டேன். ஆனால் அங்கே பெண்ணின் பெருமை தியாகத்தில் இருக்கிறது. சுகிகோ தியாகம் செய்ய மறுக்கிறாள், பிறகு உயிரோடும் இருக்கிறாள். மெலோடிராமாவில் இந்த இரண்டும் சேர்ந்து ஒரு பெண்ணுக்குக் கிடைப்பது அபூர்வம்.

அப்படியானால் இது பெண்ணியப் படமா? இங்கேதான் உறுதி குறைகிறது. கிடோ ஷிரோ தலைமையில் ஷோச்சிகுவின் கமாடா ஸ்டுடியோ பெண் பார்வையாளர்களைக் குறிவைத்தே படம் எடுத்தது. ஆண் தனியாகப் படத்துக்கு வருவான், பெண் வந்தால் கூட நாலு பேரை அழைத்து வருவாள் என்பது கிடோவின் வியாபாரக் கணக்கு. கதையும் கிட்டமுரா கொமாட்சு எழுதிய தொடர்கதைதான். மாமியார் கொடுமை, பணக்காரக் காதலன், கார் விபத்து என்று சந்தையில் விலைபோகும் சரக்கு அத்தனையும் இதில் இருக்கிறது. எனவே கொள்கைக்காக எடுத்த படம் என்று சொன்னால் மிகையாகிவிடும். மாமியார் வாயடைத்து நிற்பதைப் பார்க்கக் காசு கொடுத்து வரும் பெண்கள் நிறைய இருப்பார்கள் என்று ஒரு நிறுவனம் கணக்குப் போட்டது என்பது என் ஊகம். அந்தக் கணக்கு, எந்தக் கொள்கை அறிக்கையைவிடவும் அந்தக் காலத்து வீடுகளைப் பற்றி நமக்கு நிறையச் சொல்கிறது.

இன்னொரு சந்தேகமும் பதிவு செய்ய வேண்டியது, அது உங்கள் கடைசிக் கேள்வியோடு சேர்ந்தது. ஜப்பானில் மௌனப் படம் மௌனமாக ஓடியதே இல்லை. திரைக்குப் பக்கத்தில் பென்ஷி என்ற கதைசொல்லி நின்று எல்லாப் பாத்திரங்களுக்கும் குரல் கொடுப்பார், இடையில் விளக்கமும் சொல்வார். நடிகர் பெயரைவிடப் பென்ஷியின் பெயருக்காகக் கூட்டம் கூடிய அரங்குகள் உண்டு. ஷோச்சிகு 1931-இலேயே முழுப் பேசும் படம் எடுத்துவிட்டது. அதே வருடம் ‘மொராக்கோ’ என்ற ஹாலிவுட் படம் ஜப்பானிய எழுத்துகளோடு திரையிடப்பட்டபோது வெளிநாட்டுப் படங்களுக்குப் பென்ஷி தேவையில்லை என்று ஆகிவிட்டது. வேலை போகும் என்று அவர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். 1932 போராட்டத்தில் முன்நின்றவர்களில் பின்னாளில் இயக்குநரான அகிரா குரோசவாவின் அண்ணன் ஹெய்கோவும் ஒருவர். ஒலிக் கருவிக்கான செலவு, கருவி வாங்க முடியாத சிறு அரங்குகள், பென்ஷிகளின் செல்வாக்கு எல்லாம் சேர்ந்து மௌனப் படத்தை 1930-களின் நடுவரை இழுத்துக்கொண்டு வந்தன. ஷோச்சிகுவின் இன்னொரு இயக்குநரான ஓசுவே 1936-இல்தான் முதல் பேசும் கதைப்படம் எடுத்தார். ஆகவே 1934-இல் மௌனப் படம் என்பது அங்கே விசித்திரம் இல்லை.

சந்தேகம் எங்கே என்றால், மருத்துவமனைக் காட்சியில் ஒரு பென்ஷி சுகிகோவுக்கு நடுங்கும் குரல் கொடுத்திருக்கலாம், இன்னொருவர் கல் போன்ற குரல் கொடுத்திருக்கலாம். “பாவம், இவளும் எத்தனை நாள்தான் பொறுப்பாள்” என்று ஒருவர் சேர்த்திருக்கலாம், “என்ன காலம் இது” என்று இன்னொருவர் முணுமுணுத்திருக்கலாம். அன்றைய பார்வையாளர் அவளை எப்படி எடுத்துக்கொண்டார்கள் என்பது ஊருக்கு ஊர், அரங்குக்கு அரங்கு மாறியிருக்கும். நாம் இன்று பியானோ இசையோடு தனியாகப் பார்க்கும் படமும் அவர்கள் பார்த்த படமும் ஒன்றல்ல. படத்தின் நோக்கத்தைப் பற்றி யார் அடித்துப் பேசினாலும், நான் உட்பட, கொஞ்சம் சந்தேகத்தோடு கேளுங்கள்.

படத்துக்குள் இதையொட்டி ஒரு குறும்பு இருக்கிறது, பலர் தவறவிடுவது. ஹிரோஷியோடு பழகும் காலத்தில் திரையரங்கில் அவர்கள் பார்ப்பது ஹாலிவுட் இயக்குநர் லூபிட்ச்சின் ‘சிரிக்கும் லெப்டினன்ட்’, 1931-இல் வந்த பேசும் படம், பாட்டெல்லாம் உண்டு. அதன் துண்டை நருசே தன் மௌனப் படத்துக்குள் சத்தமில்லாமல் ஓடவிடுகிறார். அந்தப் படத்தில் லெப்டினன்ட்டைக் காதலிக்கும் வயலின்காரி, இளவரசிக்கு அவனை விட்டுக்கொடுத்து ஒதுங்கிவிடுவாள். அந்தஸ்து குறைந்தவள் நாகரிகமாக விலகுவது எப்படி என்ற பாடம்தான் அது. சுகிகோவும் விலகுகிறாள், ஆனால் யாருக்கும் வசதி செய்து கொடுக்காமல்.

இது நருசேயின் கடைசி மௌனப் படம், ஷோச்சிகுவில் கடைசிப் படமும்கூட. “எங்களுக்கு இரண்டு ஓசு வேண்டாம்” என்று கிடோ அவரிடம் சொன்னதாக எல்லாரும் சொல்லும் கதை ஒன்று உண்டு. அவர் பி.சி.எல். நிறுவனத்துக்குப் போய் 1935-இல் பேசும் படங்கள் எடுக்கத் தொடங்கினார். மௌனத்தில் அவர் எடுத்த 24 படங்களில் இன்று இருப்பவை ஐந்து மட்டுமே. ஐந்தும் பழைய படங்களை வெளியிடும் கிரைட்டீரியன் நிறுவனத்தின் எக்லிப்ஸ் வரிசையில் ‘சைலன்ட் நருசே’ என்ற தொகுப்பாக 2011-இல் வந்தன. அடுத்து ஏதாவது பார்க்க வேண்டும் என்றால் ‘இரவுதோறும் கனவுக’ளிலிருந்து ஆரம்பியுங்கள். ஒரு மணி நேரத்தைக் கொஞ்சம் தாண்டும், அவ்வளவுதான். அதன் பிறகு நேராக 1960-க்குத் தாவி, தகாமினே ஹிதேகோ நடித்த ‘ஒரு பெண் படியேறும்போது’ படத்தைப் பாருங்கள். அதே கின்சா, 26 வருடம் கழித்து. அதற்குள் குடிமைச் சட்டம் மாறிவிட்டது, குடும்பத் தலைவர் பதவி ஒழிந்துவிட்டது, பெண்களுக்கு ஓட்டு வந்துவிட்டது. மதுக்கூடத்தை நடத்தும் கெய்கோவின் கவலைகள் என்னவோ கடன் பாக்கி, கிமோனோ செலவு, கையேந்தி நிற்கும் பிறந்த வீடு என்றுதான் போய்க்கொண்டிருக்கின்றன. சுகிகோவுக்கு இருந்ததுபோல அவளைக் கட்டிப்போட ஒரு மாமியாரும் இல்லை. அந்த இரண்டு பெண்களில் யார் நிலைமை பரவாயில்லை என்று எங்கள் கூட்டத்தில் வாக்குவாதம் வந்தால் மணி போவதே தெரியாது. நீங்கள் பார்த்துவிட்டு எழுதுங்கள்.